மௌனக் குறும்படங்களின் உடல் நகைச்சுவை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மௌனப் படக் காலத்துக் காமெடிக் குறும்படங்களைப் புதிதாகப் பார்க்க ஆரம்பிப்பவர்கள் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகளை இங்கே சேர்த்திருக்கிறேன். 1895 முதல் 1920-களின் இறுதி வரை பிரான்ஸிலும் அமெரிக்காவிலும் எடுக்கப்பட்ட படங்களைப் பற்றித்தான் பெரும்பாலும் பேசுகிறேன். வரிசையாகப் படிக்க வேண்டும் என்றில்லை. உங்கள் கேள்வி எதுவோ அதற்கு நேராகப் போய்விடலாம்.

ஒரு ரீல் படம், இரண்டு ரீல் படம் என்கிறார்களே, அது எவ்வளவு நேரம்?

ஒரு ரீல் என்பது ஏறக்குறைய 1,000 அடி நீள ஃபிலிம். ஓட்டுகிற வேகத்தைப் பொறுத்து 10 முதல் 15 நிமிடம் வரும். 1910-களின் தொடக்கத்தில் ஒரு ரீல் காமெடிகள் அதிகம். பத்தாண்டின் பிற்பகுதியில் இரண்டு ரீல்தான் வழக்கமான அளவாகிவிட்டது, அதாவது 20 நிமிடத்துக்கு முன்பின்.

இந்த அளவுதான் இந்தக் கலையின் குணத்தையே தீர்மானித்தது. ஆள் யார், ஏழையா பணக்காரனா, கோபக்காரனா பயந்தாங்கொள்ளியா என்பதெல்லாம் வந்து நின்றவுடனே தெரிந்தாக வேண்டும். விளக்க நேரமும் கிடையாது, பேச வசனமும் கிடையாது. அதனால்தான் தொப்பி, மீசை, கைத்தடி, நடை என்று ஒவ்வொருவரும் தனக்கென ஓர் உருவத்தைப் பிடித்து வைத்துக்கொண்டார்கள்.

உலகின் முதல் காமெடிப் படம் எது?

பொதுவாகச் சொல்லப்படுவது லூமியேர் சகோதரர்கள் 1895-இல் எடுத்த தோட்டக்காரர் படம். 1895 டிசம்பர் 28 அன்று பாரிஸின் கிராண்ட் கஃபேயில் காசு வாங்கிக்கொண்டு காட்டிய படங்களில் இதுவும் ஒன்று. ஒரு நிமிடம்கூட ஓடாது.

தோட்டக்காரர் ரப்பர் குழாயால் செடிகளுக்குத் தண்ணீர் விடுகிறார். ஒரு பையன் பின்னால் வந்து குழாயை மிதிக்கிறான். தண்ணீர் நிற்கிறது. என்னவாயிற்று என்று அவர் குழாயின் வாயை உற்றுப் பார்க்கும்போது பையன் காலை எடுக்கிறான், தண்ணீர் முகத்தில் பீறிடுகிறது. அப்புறம் துரத்தல், அடி.

இத்தனை சின்னப் படத்தில், பின்னால் வந்த எல்லாக் காமெடிக்கும் வேண்டியது இருக்கிறது. என்ன நடக்கப் போகிறது என்பது நமக்குத் தெரியும், அந்த மனிதருக்குத் தெரியாது. அவர் குனிகிற அந்த நொடியிலேயே நாம் சிரிக்கத் தொடங்கிவிடுகிறோம், தண்ணீர் வருவதற்கு முன்பே. இன்னொன்றையும் கவனியுங்கள். தோட்டக்காரர் பையனைப் பிடித்த இடத்திலேயே அடிப்பதில்லை. இழுத்துக்கொண்டு வந்து கேமராவுக்கு முன்னால் நிறுத்தி அடிக்கிறார். கேமரா நகராது, சட்டத்துக்குள், அதாவது ஃபிரேமுக்குள், நடப்பதுதான் படம் என்பது முதல் நாளிலேயே புரிந்திருக்கிறது.

சாப்ளினுக்கு முன்னால் யாரும் இல்லையா?

நிறையப் பேர் இருந்தார்கள், அதிலும் பிரான்ஸில். இதை அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது. மௌனக் காமெடி என்றாலே அமெரிக்கா என்று பலரும் நினைக்கிறார்கள். ஆனால் முதல் உலகப் போருக்கு முன் உலகம் முழுக்கப் படம் அனுப்பியதில் பிரான்ஸின் பாத்தே நிறுவனம்தான் முன்னணி.

பாத்தேயில் ஆந்த்ரே தீத் என்றொருவர். போகிற இடமெல்லாம் அழிவு உண்டாக்கும் முட்டாள் பாத்திரம் அவருடையது. பின்பு இத்தாலிக்குப் போய் அங்கேயும் பெரிய நட்சத்திரமானார். அதே நிறுவனத்தில் மாக்ஸ் லிந்தர் நேரெதிர்: பட்டுத் தொப்பி, நேர்த்தியான கோட்டு, மெல்லிய மீசை, பணக்கார வாலிபன். 1907-இல் வந்த ஒரு படத்தில் அவர் முதல்முறையாக ஐஸ் சறுக்கப் போகிறார். உறைந்த ஏரியில் அந்தக் கனவானின் கால்கள் அவரைக் கேட்காமல் எங்கெங்கோ போகின்றன. உடை எவ்வளவு கம்பீரமோ, விழுவது அவ்வளவு வேடிக்கை. கம்பீரத்தைக் காப்பாற்ற அவர் படும் பாடுதான் சிரிப்பு, விழுவது மட்டும் அல்ல.

சாப்ளின் தன் புகைப்படம் ஒன்றில் கையெழுத்திட்டு லிந்தரைத் தன் ஆசிரியர் என்றும், தன்னை அவருடைய சீடன் என்றும் எழுதிக் கொடுத்தார். போர்க்காலத்தில் லிந்தரின் உடல்நிலை கெட்டது, அமெரிக்கா போய் எடுத்த படங்களும் பழைய வெற்றியைத் தரவில்லை. 1925-இல் இறந்தார். இன்று அவர் பெயர் தெரிந்தவர்கள் குறைவு என்பது எனக்கு மிகவும் வருத்தம்.

பெண்கள் இந்தப் படங்களில் அடிவாங்காமல் ஓரமாக நின்றார்களா?

இல்லவே இல்லை. பாத்தே 1910 வாக்கில் லியோந்தின் என்ற சிறுமிப் பாத்திரத்தை வைத்து ஒரு தொடர் எடுத்தது. வீட்டைத் தண்ணீரில் மூழ்கடிப்பது, தெருவையே கலவரமாக்குவது எல்லாம் அவள் வேலை. அந்த வேடத்தில் நடித்த பெண்ணின் உண்மையான பெயர் இன்று வரை உறுதியாகவில்லை. அதே காலத்தில் சாரா துயாமெல் ரோசலி என்ற பாத்திரத்தில் வந்தார். அவர் பருத்த உடம்பு முழுவதையும் குலுக்கிச் சிரிக்கும்போது பார்ப்பவர்களுக்கும் தொற்றிக்கொள்ளும். கேமராவுக்குப் பின்னால் ஆலிஸ் கீ இருந்தார். கோமோன் நிறுவனத்துக்காக 1890-களிலிருந்தே படம் இயக்கியவர், காமெடிகளும் எடுத்தவர்.

அமெரிக்காவில் மேபல் நார்மண்ட். நடித்ததோடு இயக்கவும் செய்தார். சாப்ளின் சினிமாவுக்குப் புதிதாக வந்த 1914-இல் அவரை இயக்கியவர்களில் மேபலும் ஒருவர். அவருடைய திறமை சின்னச் சின்ன முகக் குறிப்புகளில் இருக்கிறது. சுற்றிலும் எல்லோரும் கையைக் காலை ஆட்டிக்கொண்டிருக்க, அவர் ஓரக்கண்ணால் ஒரு பார்வை பார்த்துக் காட்சியைத் தன் பக்கம் இழுத்துவிடுவார்.

கீஸ்டோன் என்றால் என்ன?

மேக் சென்னட் 1912-இல் தொடங்கிய காமெடிப் படக் கம்பெனி. லாஸ் ஏஞ்சலஸில் ஈடன்டேல் என்ற பகுதியில் ஸ்டுடியோ. மேபல் நார்மண்ட், ரோஸ்கோ ஆர்பக்கிள், ஃபோர்ட் ஸ்டெர்லிங், சாப்ளின் என்று வரிசையாகப் பலர் அங்கே இருந்தார்கள். ஒரு வண்டியில் பத்துப் பன்னிரண்டு போலீஸ்காரர்கள் தொங்கிக்கொண்டு போய், வளைவில் எல்லோரும் சிதறி விழும் காட்சிகளைப் பார்த்திருப்பீர்கள். அது கீஸ்டோனின் அடையாளம்.

உண்மையைச் சொன்னால், கீஸ்டோன் படங்கள் எல்லாமே நல்ல படங்கள் அல்ல. பல படங்களில் கூச்சலும் ஓட்டமும்தான் மிச்சம். ஆனால் வேகத்தையும், தெருவில் இறங்கிப் படமெடுக்கும் துணிச்சலையும் அங்கேதான் எல்லோரும் கற்றார்கள். எங்காவது ஊர்வலம், பந்தயம் என்றால் கேமராவைத் தூக்கிக்கொண்டு போய் அதையே பின்னணியாக்கிப் படம் எடுத்துவிடுவார்கள். நாடோடி வேடத்தில் சாப்ளினை ரசிகர்கள் முதலில் பார்த்ததும் அப்படித்தான். கலிபோர்னியாவின் வெனிஸ் நகரில் குழந்தைகளின் கார்ப் பந்தயம் நடக்கிறது. அதைப் படம்பிடிக்கும் கேமராவின் முன்னால் ஒருவன் வந்து வந்து நிற்கிறான், தள்ளத் தள்ளத் திரும்ப வருகிறான். 1914 பிப்ரவரியில் வெளியான படம். பின்னால் தெரியும் கூட்டம் உண்மையான கூட்டம். அந்த ஆள் யாரென்று அவர்களுக்குத் தெரியாது. இன்னும் இரண்டு வருடத்தில் அவர் இல்லாத தியேட்டர் இருக்காது. கீஸ்டோனில் வாரம் 150 டாலருக்குச் சேர்ந்தவர், 1916-இல் மியூச்சுவல் நிறுவனத்தில் வாரம் 10,000 டாலர் வாங்கினார்.

சும்மா விழுந்து எழுவதுதானே? அதில் என்ன கலை இருக்கிறது?

இதுதான் அதிகம் வரும் கேள்வி, பதில் சொல்ல எனக்கு மிகவும் பிடித்த கேள்வியும் இதுதான்.

விழுவது யாராலும் முடியும். விழப்போகிறார் என்று நினைக்க வைத்து விழாமல் நிற்பது, நின்றுவிட்டார் என்று நாம் மூச்சு விடும்போது விழுவது, அதற்குத்தான் வித்தை வேண்டும். பஸ்டர் கீட்டனின் 'ஒன் வீக்' படத்தை எடுத்துக்கொள்வோம். 1920-இல் வந்த இரண்டு ரீல் படம். புதுமணத் தம்பதிக்குப் பெட்டிகளில் அடைத்த ஒரு வீடு பரிசாக வருகிறது. எண்களைப் பார்த்துப் பாகங்களைப் பொருத்தினால் வீடு தயார். பொறாமை பிடித்த பழைய காதலன் எண்களை மாற்றிவிடுகிறான். கட்டி முடித்த வீடு கோணல்மாணலாக நிற்கிறது. புயலில் பம்பரமாகச் சுற்றுகிறது. கடைசியில் அதை வேறு மனைக்கு இழுத்துப் போகும்போது ரயில் தண்டவாளத்தில் மாட்டிக்கொள்கிறது.

ரயில் வருகிறது. தம்பதி கண்ணைப் பொத்திக்கொள்கிறார்கள். நாமும்தான். ரயில் வீட்டைத் தொடாமல் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. இரண்டு தண்டவாளம் இருப்பது நமக்குத் தெரியாதபடி கேமராவை வைத்திருக்கிறார்கள். அவர்கள் நிம்மதியாகிறார்கள், நாமும் நிம்மதியாகிறோம். அந்த நொடியில் எதிர்ப்பக்கமிருந்து இன்னொரு ரயில் வந்து வீட்டை நொறுக்குகிறது. மினியேச்சர் இல்லை, உண்மையான வீடு, உண்மையான ரயில். இந்தச் சிரிப்புக்குக் காரணம் ரயில் அல்ல. கேமரா நின்ற இடமும், இரண்டு ரயில்களுக்கும் நடுவே கொடுத்த இடைவெளியும்தான். சில நொடி முன்னால் வந்திருந்தால் அது விபத்துக் காட்சி. சில நொடி தாமதித்திருந்தால் நாம் வேறெதையோ நினைக்கத் தொடங்கியிருப்போம்.

விழாமலே செய்யும் உடல் நகைச்சுவைக்கு சாப்ளினின் 'தி பான்ஷாப்' நல்ல உதாரணம், 1916. அடகுக் கடைக்கு ஒருவர் அலாரம் கடிகாரம் கொண்டுவருகிறார். சாப்ளின் அதை முதலில் நோயாளியைப் போலப் பரிசோதிக்கிறார், ஸ்டெதஸ்கோப் வைத்துத் துடிப்புக் கேட்கிறார். பிறகு அது டப்பாவாகிறது, டின் திறக்கும் கருவியால் மூடியைத் திறக்கிறார், உள்ளே இருப்பது கெட்டுப்போனதா என்று முகர்கிறார். அப்புறம் உள்ளே இருப்பதையெல்லாம் வெளியே எடுத்துப் போட்டுவிட்டு, குவியலைக் கடிகாரக்காரரின் தொப்பியிலேயே கொட்டி, இதற்குக் கடன் தர முடியாது என்று தலையசைக்கிறார். ஒவ்வொரு அசைவும் ஒரு மருத்துவருடையது, ஒரு நகைக்கடைக்காரருடையது, ஒரு சமையல்காரருடையது. கைகள் மட்டுமே பேசுகின்றன. கடைக்குள் இருவரும் அசையாமல் நிற்கிறார்கள், அத்தனை நிமிடமும் நாம் சிரிக்கிறோம்.

பார்க்கும்போது ஒரு பழக்கத்தைக் கடைப்பிடிக்கச் சொல்வேன்: முகத்தை விட்டுவிட்டுக் காலைப் பாருங்கள். சாப்ளின் ஓடும்போது தெருமுனையில் ஒற்றைக் காலில் துள்ளித் திரும்புவதை, கீட்டன் ஓட்டத்தைச் சட்டென்று நிறுத்துவதை, அவ்வளவு கனத்த ஆர்பக்கிள் பூனைபோல் கால் வைப்பதை. இந்தப் படங்களில் கேமரா தலையிலிருந்து கால் வரை தெரியும் தூரத்தில் நிற்பது அதற்காகத்தான். முழு உடம்பும் ஒரே ஷாட்டில் தெரிந்தால்தான் அவரே செய்தார் என்பதை நம்புவோம். நடுவில் வெட்டிவிட்டால் அந்த நம்பிக்கை போய்விடும், சிரிப்பும் பாதியாகிவிடும். இன்றைய காமெடிக் காட்சிகள் பலவற்றை வெட்டி வெட்டிக் காட்டுவதால் அவை கெட்டுப்போகின்றன என்பது என் கருத்து.

அவர்களே செய்தார்களா, இல்லை ட்ரிக்கா?

இரண்டும்தான். ஆனால் நாம் நினைப்பதைவிட அவர்களே செய்தது அதிகம்.

கீட்டன் 1895-இல் பிறந்தவர். அப்பா அம்மா மேடைக் கலைஞர்கள். மிகச் சிறு வயதிலேயே மேடையேறிவிட்டார். அப்பா அவரை மேடைக்குக் குறுக்கே தூக்கி வீசுவார், திரைச்சீலைமேல் எறிவார். பிடித்துத் தூக்க வசதியாகச் சட்டையின் முதுகில் சூட்கேஸ் கைப்பிடி தைத்திருந்தார்கள். குழந்தைகள் பாதுகாப்பு அமைப்புகள் பலமுறை தலையிட்டன. அந்த மேடையிலேயே இன்னொன்றையும் கற்றார்: விழுந்துவிட்டுத் தான் சிரித்தால் கூட்டம் சிரிப்பதில்லை, முகத்தை அசைக்காமல் எழுந்தால்தான் சிரிக்கிறது. புகழ்பெற்ற அந்த அசையாத முகம் அங்கே பிறந்தது. இத்தனை பயிற்சி இருந்தும் 1921-இல் ஓடும் படிக்கட்டில் கால் மாட்டிக் கணுக்கால் முறிந்தது. 1924-இல் ஒரு முழுநீளப் படத்தில் தண்ணீர்த் தொட்டியின் வெள்ளம் மேலே கொட்டிக் கழுத்தெலும்பில் அடிபட்டது. அது முறிவு என்பதே பல வருடங்கள் கழித்து எக்ஸ்ரேயில்தான் தெரிந்தது.

கணுக்கால் குணமாகும் வரை குதிக்க முடியாது. அப்போது கீட்டன் எடுத்த படம் 'தி பிளேஹவுஸ்', 1921. அதில் ஒரு காட்சியில் ஒன்பது கீட்டன்கள் ஒரே வரிசையில் இருக்கிறார்கள். ஃபிலிமின் ஒரு பகுதியை மட்டும் திறந்து ஒருவரைப் பிடிப்பது, ஃபிலிமைப் பின்னோக்கிச் சுற்றுவது, அடுத்த பகுதியைத் திறந்து அடுத்தவரைப் பிடிப்பது என்று ஒன்பது முறை. ஒளிப்பதிவாளர் எல்ஜின் லெஸ்லி கைப்பிடியை ஒவ்வொரு முறையும் ஒரே வேகத்தில் சுழற்றியிருக்க வேண்டும். இல்லையென்றால் ஒருவருக்கொருவர் தாளம் பொருந்தாது. மோட்டார் இல்லை, கம்ப்யூட்டர் இல்லை, ஒரு மனிதனின் கை மட்டும். இதையும் நான் உடல் நகைச்சுவையில்தான் சேர்ப்பேன்.

ஹரால்ட் லாயிடின் உயரக் காட்சிகள் வேறு வகை. உயரமான கட்டடத்தின் மொட்டைமாடியில் சுவர் செட் போட்டு, கீழே உண்மையான தெரு தெரியும்படி கேமராவை வைப்பார்கள். சட்டத்துக்கு வெளியே கீழே மெத்தை போட்ட மேடை இருக்கும். தூரத்திலிருந்து எடுத்த சில காட்சிகளில் வேறு ஆட்கள் ஏறினார்கள். ஆனாலும் அபாயம் பொய்யில்லை. 1919-இல் விளம்பரப் புகைப்படத்துக்காகப் பிடித்திருந்த போலி வெடிகுண்டு உண்மையாகவே வெடித்து, லாயிடின் வலக்கைக் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் போய்விட்டன. அதன் பிறகு வந்த படங்களிலெல்லாம் விரல் வைத்த கையுறையோடுதான் அவர் தொங்குகிறார்.

ஏன் எல்லோரும் அவ்வளவு வேகமாக ஓடுகிறார்கள்?

கேமராவைக் கையால் சுழற்றினார்கள். நொடிக்கு இரண்டு சுற்று என்றால் 16 பிரேம். பிற்காலத்தில் பேசும் படத்துக்கு 24 பிரேம் என்று நிலையானது. 16-இல் எடுத்ததை 24-இல் ஓட்டினால் எல்லோரும் துடிதுடித்து ஓடத்தான் செய்வார்கள். டிவியில் நீங்கள் பார்த்தது பெரும்பாலும் அப்படி ஓட்டியது.

அதற்காக வேகத்தை முழுவதும் குறைத்துவிடுவதும் தவறு. காமெடிக்காரர்கள் வேண்டுமென்றே மெதுவாகச் சுழற்றி எடுத்தார்கள், திரையில் கொஞ்சம் விறுவிறுப்பாகத் தெரியட்டும் என்று. துரத்தல் காட்சிக்கு இன்னும் மெதுவாக. ஆகவே இயல்பான நடையைவிடச் சற்றே வேகமாக ஓடும் பிரதிதான் சரியானது.

முகத்தில் ஏன் அவ்வளவு வெள்ளைப் பூச்சு?

அந்தக் கால ஃபிலிமுக்குச் சிவப்பு நிறம் பதியாது. மனிதத் தோலில் சிவப்புச் சாயல் உண்டு, அதனால் முகம் கறுத்துவிடும். அதைச் சரிக்கட்டத்தான் பூச்சு. தூரத்திலிருந்து முழு உடம்பையும் எடுக்கும்போது கண்ணும் மீசையும் எடுப்பாகத் தெரியவும் அது உதவியது.

முன்கூட்டியே எழுதி வைத்து எடுத்தார்களா?

ஆளுக்கு ஆள் வேறுபட்டது. கீட்டனும் அவரது எழுத்தாளர்களும் உட்கார்ந்து பேசி, தொடக்கமும் முடிவும் கிடைத்துவிட்டால் நடுப்பகுதி தானாக வரும் என்று இறங்கிவிடுவார்கள். சாப்ளின் கேமரா ஓட ஓட யோசித்தார். மியூச்சுவல் காலத்தில் அவர் வேண்டாமென்று ஒதுக்கிய ஃபிலிம்கள் கிடைத்து, 1983-இல் கெவின் பிரவுன்லோவும் டேவிட் கில்லும் அவற்றை வைத்து ஓர் ஆவணத் தொடர் எடுத்தார்கள். 'தி இமிக்ரண்ட்' படத்தில் முதலில் எடுத்தது உணவுவிடுதிக் காட்சி. அதில் வரும் நாடோடியும் பெண்ணும் எங்கே சந்தித்தார்கள் என்று யோசித்தபோதுதான் கப்பலில் வந்து இறங்கும் முதல் பாதியே உருவானது. இன்று பார்த்தால் கப்பல் இல்லாமல் அந்தப் படத்தை நினைக்கவே முடியாது.

ஒரே அசைவை அவர் மறுபடி மறுபடி செய்து பார்ப்பதை அந்த ஃபிலிம்களில் காணலாம். திரையில் தற்செயலாகத் தெரிவது எதுவும் தற்செயல் இல்லை.

முகத்தில் கிரீம் பை எறிவது யார் தொடங்கியது?

மேடையிலேயே இருந்தது, கீஸ்டோன் பிரபலமாக்கியது. முதல் எறி எது என்பதில் சண்டை உண்டு, அதில் எனக்கு ஆர்வமில்லை. சிறப்பாகச் செய்தது எது என்று கேட்டால், லாரல் ஹார்டியின் 'தி பேட்டில் ஆஃப் தி செஞ்சுரி', 1927. அதற்குள் பை எறிவது பழசாகிவிட்டிருந்தது. அவர்கள் ஒவ்வொரு எறிக்கும் காரணம் வைத்தார்கள். தவறி ஒருவர்மேல் படும், அவர் துடைத்துக்கொண்டு நிதானமாகத் திருப்பி எறிவார், அது வேறொருவர்மேல் படும், அவருக்கும் கோபம் வரும். ஒருவர் அடிவாங்கும்போது மற்றவர் பொறுமையாகக் காத்திருப்பார். கடைசியில் தெருவே பை மயம். பல பத்தாண்டுகளாகத் துண்டு துண்டாகத்தான் கிடைத்துவந்த அந்தப் படத்தின் இரண்டாவது ரீல் 2015-இல் கண்டுபிடிக்கப்பட்டது.

சாப்ளின் பெரியவரா, கீட்டன் பெரியவரா?

சாப்ளின் மனிதர்களோடு மோதுகிறார்: போலீஸ்காரர், முதலாளி, எரிக் கேம்ப்பெல் போன்ற மலையளவு முரடன். கீட்டன் பொருள்களோடும் இயற்கையோடும் மோதுகிறார்: வீடு, ரயில், படகு, காற்று. சாப்ளின் நம்மைப் பார்த்துக் கண்ணடிப்பார், கீட்டன் நாம் இருப்பதையே கண்டுகொள்ள மாட்டார். குறும்படங்களை மட்டும் கணக்கில் எடுத்தால் என் ஓட்டு கீட்டனுக்கு. 1920 முதல் 1923 வரை அவர் எடுத்த 19 இரண்டு ரீல் படங்களுக்கு ஈடாக இன்னொருவரின் வரிசையைச் சொல்ல எனக்குத் தெரியவில்லை. ஆனால் ஒரே ஒரு காட்சியைத்தான் காப்பாற்றலாம் என்றால் அந்த அடகுக் கடைக் கடிகாரத்தைத்தான் எடுப்பேன்.

இன்று பார்க்கும்போது உறுத்துகிற விஷயங்கள் இருக்கின்றனவே?

இருக்கின்றன, மறைக்கக் கூடாது. வெள்ளையர்கள் முகத்தில் கரி பூசிக் கறுப்பினத்தவராக நடிப்பது அமெரிக்க மேடையிலிருந்து வந்த கொடுமை. நான் மேலே புகழ்ந்த ஒன்பது கீட்டன்கள் காட்சியே கரி பூசிய பாடகர் வரிசைதான். யூதர்கள், சீனர்கள், பூர்வகுடிகள் கேலிப் பொருளாக வருவதும் சகஜம். குழந்தைகளோடு பார்த்தால் படத்தை நிறுத்தி இது ஏன் தவறு என்று சொல்லிவிட்டுத் தொடருங்கள்.

இதோடு சேர்த்து பெர்ட் வில்லியம்ஸ் பற்றிச் சொல்லியே ஆக வேண்டும். பஹாமாஸில் பிறந்த கறுப்பினக் கலைஞர், மேடையில் தன் காலத்தின் மிகப் பெரிய நகைச்சுவை நடிகர்களில் ஒருவர். அவரையே கரி பூசித்தான் நடிக்க வைத்தது அந்தக் கால வழக்கம். 1916-இல் வந்த அவருடைய ஒரு குறும்படத்தின் கடைசியில், சிறைக்குள் தனியாக உட்கார்ந்து இல்லாத சீட்டுக்கட்டை வைத்து இல்லாத ஆட்களோடு போக்கர் ஆடுகிறார். சீட்டைப் பிரிப்பது, அடுத்தவன் முகத்தை நோட்டம் விடுவது, தோற்றுப்போனது தெரிந்து முகம் விழுவது, எல்லாமே வெறுங்கையால். அவரும் வேறு பல கறுப்பினக் கலைஞர்களும் 1913-இல் நடித்து, முடிக்கப்படாமல் கிடந்த ஒரு படத்தின் ஃபிலிம்களை நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகம் சீர்செய்து 2014-இல் காட்டியது. வாய்ப்புகள் சமமாக இருந்திருந்தால் இந்தப் பக்கத்தில் அவர் பெயர் சாப்ளினுக்கு முன்னாலேயே வந்திருக்கும்.

ஆர்பக்கிளின் படங்கள் ஏன் அதிகம் பேசப்படுவதில்லை?

1921-இல் ஒரு நடிகையின் மரணத்தில் அவர்மேல் வழக்கு வந்தது. மூன்று விசாரணைகளுக்குப் பிறகு 1922-இல் நிரபராதி என்று விடுதலையானார், நடுவர் குழு அவரிடம் மன்னிப்புத் தெரிவித்தது. அதற்குள் பத்திரிகைகள் தீர்ப்பெழுதி முடித்துவிட்டன. படங்கள் தடைபட்டன, பிரதிகள் காணாமல்போயின. கீட்டனை 1917-இல் சினிமாவுக்கு இழுத்து வந்து, கேமராவையே பிரித்துப் பார்க்கவிட்டவர் இவர்தான். இருவரோடும் சேர்ந்து நடித்த அல் செயின்ட் ஜான், ஆர்பக்கிளின் அக்கா மகன், சைக்கிளில் செய்யாத வித்தை இல்லை. இந்த மூவர் படங்களையும் தேடிப் பாருங்கள்.

இசை வேண்டுமா? ஒலியில்லாமலே பார்க்கலாமா?

இசையோடு பாருங்கள். தியேட்டரில் இந்தப் படங்கள் பெரும்பாலும் அமைதியாக ஓடியதில்லை. பியானோவாவது இருக்கும், பெரிய அரங்கென்றால் வாத்தியக் குழு, விழும்போது டிரம்ஸ். பொருத்தமில்லாத இசை ஒட்டியிருந்தால் மட்டும் ஒலியைக் குறைத்துவிடுங்கள். எல்லாப் படத்துக்கும் ஒரே துள்ளல் பியானோவைப் போட்டு வைத்திருக்கும் பிரதிகள் நிறைய உலவுகின்றன, அவை காமெடியின் டைமிங்கைக் கொன்றுவிடுகின்றன.

குறும்படக் காமெடி ஏன் நின்றுபோனது?

உடனே நிற்கவில்லை. ஆனால் பெரிய நட்சத்திரங்கள் வெளியேறினார்கள். சாப்ளின் 1921-இல் ஆறு ரீல் படம் எடுத்தார், கீட்டனும் 1923-இல் முழுநீளப் படத்துக்குப் போனார். குறும்படம் நிகழ்ச்சியின் ஓர் இணைப்பு மட்டும், பணம் முழுநீளப் படத்தில்தான் இருந்தது. 1927-க்குப் பிறகு ஒலி வந்து மீதியை முடித்தது. ஆரம்பகால ஒலிக் கேமராவைச் சத்தம் வராதபடி மூடிய அறைக்குள் வைத்தார்கள். தெருவில் தூக்கிக்கொண்டு ஓடிய கேமரா அறைக்குள் உட்கார்ந்துவிட்டது.

எதிலிருந்து தொடங்கலாம்? குழந்தைகளுக்கு எது?

குழந்தைகளுக்கு 'ஒன் வீக்'. எழுத்து அட்டைகள் மிகக் குறைவு, ஒருமுறை கதையைச் சொல்லிவிட்டால் போதும், எந்த மொழிக் குழந்தையும் பார்க்கும். அடுத்து சாப்ளினின் 'தி ரிங்க்', 1916, ரோலர் ஸ்கேட் படம். லிந்தர் விழுந்து சிரிக்க வைத்ததை, இவர் விழாமல் மிதந்து சிரிக்க வைக்கிறார். பெரியவர்களுக்கு 'ஈஸி ஸ்ட்ரீட்', 'காப்ஸ்', 'தி கோட்'. இதில் 'தி கோட்' படத்தில் தூரத்திலிருந்து ஒரு ரயில் நேராகக் கேமராவை நோக்கி வந்து நிற்கிறது. என்ஜினின் முன்னால், முகத்தில் ஓர் அசைவும் இல்லாமல், கீட்டன் உட்கார்ந்திருக்கிறார். அவ்வளவுதான் அந்த ஷாட். 'ஒன் ஏ.எம்.' படத்தைக் கடைசியாக வையுங்கள். குடித்துவிட்டு வீடு திரும்பிய ஒருவர் படியேறிப் படுக்கைக்குப் போக முடியாமல் தவிப்பதுதான் முழுப் படமும். சாப்ளின் கிட்டத்தட்டத் தனியாகவே நடிக்கிறார். முதலிலேயே பார்த்தால் நீளமாகத் தோன்றும், மற்றவற்றைப் பார்த்துப் பழகியபின் பார்த்தால் ஒவ்வொரு சறுக்கலும் புதிதாகத் தெரியும்.

இங்கே சொன்ன அமெரிக்கப் படங்களுக்கு அந்த நாட்டில் பதிப்புரிமைக் காலம் முடிந்துவிட்டது. அதனால் இணையத்தில் தாராளமாகக் கிடைக்கின்றன, கெட்டுப்போன பிரதிகளும் அதே அளவு கிடைக்கின்றன. சாப்ளினின் தொடக்ககாலப் படங்களை இத்தாலியின் பொலோன்யா திரைப்படக் காப்பகமும் பாரிஸின் லாப்ஸ்டர் ஃபிலிம்ஸும் பங்கேற்றுச் சீரமைத்திருக்கின்றன. அந்தப் பெயர்கள் தொடக்கத்தில் வந்தால் நல்ல பிரதி. இல்லையென்றால் ஒன்றைச் சோதியுங்கள்: எல்லோருடைய கால்களும் சட்டத்துக்குள் தெரிகின்றனவா? அகலத் திரைக்காக மேலும் கீழும் வெட்டிய பிரதியில் கால் போய்விடும். அதை விட்டுவிட்டு வேறு பிரதி தேடுங்கள்.